இசையிலிருந்து கேமராவுக்கு: பிளாக்மேஜிக்கா, சோனியா?

காரைக்குடிப் பக்கம் வீட்டிலேயே ஸ்டூடியோ வைத்துப் பாட்டுப் போடுகிறவர்கள், மியூசிக் வீடியோவையும் தாங்களே எடுத்தால் என்ன என்று யோசிக்கலாம். செட்டிநாட்டுப் பெரிய வீடுகள் நிறைந்த கானாடுகாத்தான் பக்கத்திலேயே இருக்கும்போது செட்டுக்கு எதற்குச் செலவு? (வீட்டுக்குப் பங்காளிகள் எத்தனை பேரோ அத்தனை பேரிடமும் சம்மதம் வாங்க வேண்டியிருக்கும், அது தனிக் கதை.) நான் ஒப்பிடுவது இரண்டு கேமராக்களை மட்டும்: 2018-ல் வந்த பிளாக்மேஜிக் பாக்கெட் 4கே, 2022-ல் வந்த சோனி எஃப்எக்ஸ்30.

இசைக்காரருக்குப் பார்த்ததும் பிடிப்பது பிளாக்மேஜிக்தான். மினி எக்ஸ்எல்ஆர் என்ற மைக் சாக்கெட் வழியாக 48 வோல்ட் ஃபேண்டம் பவர் (மைக் வேலை செய்யத் தேவையான மின்சாரம்) தரும், அதனால் ஸ்டூடியோ கண்டென்சர் மைக்கையே மாட்டலாம், கூடவே டாவின்சி ரிசால்வ் ஸ்டூடியோ என்ற எடிட்டிங் மென்பொருளின் உரிமமும் வரும், அதில் ஒலிக்கான ஃபேர்லைட் பக்கத்தைத் திறந்தால் ஃபேடர், ஈக்யூ என்று எல்லாம் பழகிய சங்கதி. ஆனால் இதில் மயங்க வேண்டாம் என்பேன். பாட்டு ஏற்கெனவே ஸ்டூடியோவில் பதிவாகிவிட்டது, கேமரா பிடிக்கிற சத்தம் எடிட்டிங்கில் சிங்க் பண்ண மட்டும்தான்.

நமக்குப் புதுசு வெளிச்சம். வளவில், அதாவது வீட்டு நடுமுற்றத்தில், உச்சிவெயில் கொட்டும், தூணைத் தாண்டி அறைக்குள் போனால் கும்மிருட்டு. தரையில் பதித்த ஆத்தங்குடிக் கல் வேறு, வெயில் பட்டதும் தன் சிவப்பையும் மஞ்சளையும் பாடுகிறவர் முகத்தில் அடிக்கும். ஐஎஸ்ஓ என்பது கேமராவின் ஒளியுணர்வு அளவு; வெயிலுக்கு ஒன்று, இருட்டுக்கு ஒன்று என்று இரண்டிலும் இரண்டு அடிப்படை அளவு உண்டு. பிளாக்மேஜிக்கில் 400, 3200. சோனியில் 800, 2500. இதில் பெரிய சண்டை இல்லை. வித்தியாசம் நடக்கும்போது தெரியும். முகப்பிலிருந்து பின்கட்டு வரை கேமராவோடு நடந்தால் சோனி ஆட்டத்தையும் ஓரளவு தாங்கும், ஃபோகஸையும் விடாது. பிளாக்மேஜிக்கில் உள்ளே ஆட்டம் தாங்கும் வசதி கிடையாது, தொடர்ந்து பின்தொடரும் ஆட்டோஃபோகஸும் கிடையாது, அதனால் கிம்பலும் (ஆட்டத்தைச் சமன்செய்யும் கைப்பிடி) ஃபோகஸ் பார்க்க ஒரு ஆளும் வேண்டும். பேட்டரியும் சீக்கிரம் தீரும்.

தாளம் தெரிந்தவருக்கு ஒரு கணக்கு. 120 பிபிஎம் (நிமிடத்துக்கு 120 பீட்) பாட்டை நொடிக்கு 24 ஃபிரேமில் எடுத்தால் ஒரு பீட்டுக்குச் சரியாக 12 ஃபிரேம், வெட்டு பீட்டில் போய் உட்காரும். 25 ஃபிரேம் என்றால் பன்னிரண்டரை. ஆனால் நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், 24-ல் வழக்கமான 1/48 நொடி ஷட்டர் வைத்தால் டியூப்லைட் மினுக்கும். ஷட்டரை 1/50 ஆக்கினால் போதும், பிளாக்மேஜிக்கில் அதையே ஷட்டர் கோணமாக 172.8 டிகிரி என்று வைக்கலாம்.

ஸ்லோமோஷனுக்குப் பாட்டை இரட்டை வேகத்தில் ஓடவிட்டு 48 ஃபிரேமில் எடுத்தால், 24-ல் பாதி வேகத்தில் ஓட்டும்போது அசல் பாட்டோடு உதடு பொருந்தும். அந்த வேக டிராக்கை நாமே போட்டுக்கொள்ளலாம், அது நம் பலம். 4கேயில் 60 ஃபிரேம் வரை இரண்டும் தரும், 120 வேண்டுமென்றால் சோனி, அதுவும் படத்தின் ஓரம் வெட்டித்தான். பிளாக்மேஜிக்கில் 120 எச்டியில் மட்டும்.

தனியாளாக எடுப்பவர் சோனியை வாங்கட்டும். உதவிக்கு ஆள் உண்டு, ஸ்டாண்டில் வைத்து நிதானமாக எடுப்பேன், ரா ஃபைலில் (நிறத்தைப் பிறகு நாமே சரிசெய்யும் மூலப் பதிவு) கலர் பண்ணப் பொறுமை இருக்கிறது என்றால் பிளாக்மேஜிக், ஆனால் பதிவு செய்யும் எஸ்எஸ்டி டிஸ்க்குக்கும் கூடுதல் பேட்டரிக்கும் தனியாகக் காசு எடுத்து வையுங்கள்.