தகலாக் அகராதியோடு நான்கு வருடங்கள்

பிலிப்பைன்ஸின் மணிலாவுக்கு வேலைக்கு வந்த முதல் மாதமே, இங்கே பேசும் தகலாக் மொழிக்கான இந்தத் தகலாக்–ஆங்கில அகராதியை வாங்கினேன். லியோ ஜேம்ஸ் இங்கிலிஷ் என்ற ஆஸ்திரேலியப் பாதிரியார் தொகுத்து 1986இல் வெளிவந்தது. 1500 பக்கத்துக்கு மேல், நல்ல கனம். தினமும் புரட்டிப் புரட்டி முதுகு பிய்ந்து, இப்போது டேப் ஒட்டி வைத்திருக்கிறேன்.

முதல் சில வாரங்கள் தேடிய சொல் பாதிக்குமேல் கிடைக்கவில்லை. சொற்களெல்லாம் வேர்ச்சொல்லின் கீழ் இருக்கின்றன. சந்தையில் 'பினிலி' என்று காதில் விழுந்தால், நடுவில் நுழைந்திருக்கும் 'இன்'னை உருவிவிட்டு 'பிலி'யில் பார்க்க வேண்டும். அங்கேயே 'உம்' நுழைந்த 'புமிலி'யும் இருக்கும். இரண்டுக்கும் வாங்குவதுதான் பொருள் என்று மாற்றி மாற்றிப் பேசிக்கொண்டிருந்தேன். எடுத்துக்காட்டு வாக்கியங்களைத் தமிழில் எழுதிப் பார்த்த பிறகுதான் பிடிபட்டது. 'புமிலி அகோ நாங் இஸ்தா' என்றால் மீன் வாங்கினேன். 'பினிலி கோ ஆங் இஸ்தா' என்றால் மீனை வாங்கினேன், இன்ன மீன் என்று கேட்பவருக்கும் தெரியும். நாம் ஒரு 'ஐ' போட்டுக் காட்டுவதை அவர்கள் வினையையே மாற்றிக் காட்டுகிறார்கள். எவ்வளவு அழகு!

எழுத்தில் ஒன்றாகவே தெரியும் சொற்களுக்கு அழுத்தக் குறி போட்டிருப்பது பெரிய உதவி. 'பாசா' என்று முதல் அசையை நீட்டினால் வாசிப்பது. கடைசி அசையில் அழுத்தி வெட்டி நிறுத்தினால் நனைந்தது. செய்தித்தாளில் இந்தக் குறிகள் இருக்காது.

ஒரு தவறு இன்னும் உறுத்துகிறது. மதியம் சக ஊழியர் ஒருவரைச் சாப்பிடக் கூப்பிட நினைத்து 'ககாயின் கமி' என்றேன். அவர் 'சிகே', அதாவது சரி, என்று சொல்லிவிட்டுத் தன் நாற்காலியிலேயே உட்கார்ந்துவிட்டார். 'கமி' நாங்கள், 'தாயோ' நாம். வராதே என்று நானே சொல்லியிருக்கிறேன். அகராதியில் தெளிவாகவே இருக்கிறது. நான்தான் ஆங்கிலத்தில் யோசித்தேன்.

சின்னச் சொற்கள் மட்டும் அகராதியைப் படித்து எனக்கு ஏறவில்லை. வீட்டுக்கார அம்மா கதவைத் திறந்து பார்த்து 'உமூலான் பாலா' என்பார்: அட, மழை பெய்யுதே! மகனிடம் போனில் பேசிவிட்டு 'உமூலான் தாவ்' என்பார்: மழை பெய்யுதாம். அந்த 'தாவ்' நம்முடைய 'ஆம்'தான் என்று புரிந்த அன்று எனக்கு இருப்புக்கொள்ளவில்லை.

குறை என்றால், இன்றைய பேச்சுக்கு இது பழசு. 'ஐடல்' (idol) என்ற ஆங்கிலச் சொல்லை எழுத்தெழுத்தாகத் திருப்பிப் போட்ட 'லோடி' (lodi) மாதிரிச் சொற்களை இளைஞர்களிடம்தான் கேட்க வேண்டும்.

வாங்குகிற தமிழர்களுக்கு ஒன்று சொல்வேன்: ஓரத்தில் இடம் இருக்கிறது, ஆங்கிலப் பொருளுக்குப் பக்கத்தில் தமிழில் எழுதிக்கொள்ளுங்கள். என் பிரதியில் 'தாயோ'வுக்குப் பக்கத்தில் 'நாம்' என்று சிவப்பு மையில் இருக்கிறது.