லோனே ஃபிளெமிங்: முதலில் எந்தப் படம்?

ஸ்பானிய பேய்ப் படங்களில் நான் மிகவும் மதிக்கும் முகம் லோனே ஃபிளெமிங். டென்மார்க்கில் பிறந்தவர். அவரை அறிய அமாண்டோ தெ ஒசோரியோ இயக்கிய இரண்டு படங்கள் போதும்: 1972இல் வந்த 'கண்ணற்ற பயங்கரத்தின் இரவு', அடுத்த ஆண்டு வந்த 'கண்களற்ற பிணங்களின் தாக்குதல்'.

இரண்டிலும் எதிரி ஒன்றுதான்: கல்லறையிலிருந்து எழும் டெம்ப்ளர் வீரர்கள், அதாவது இடைக்காலக் கிறிஸ்தவப் போர்வீரர்கள். கண் கிடையாது, சத்தத்தை வைத்துத்தான் ஆளைத் தேடுவார்கள். முதல் படத்தில் கண்ணைக் கொத்தியவை காகங்கள். இரண்டாவதில் ஊர்க்காரர்களே தீப்பந்தத்தால் பொசுக்குகிறார்கள்.

முதல் படத்தில் லோனே, பொம்மைப் பட்டறை நடத்தும் பெட்டி என்ற பெண். முடிவுக்குச் சற்று முன் அசையாமல் நிற்கிறார். மூச்சை அடக்கிவிடலாம், இதயத்தை என்ன செய்வது? அந்தத் துடிப்பு கேட்டு எலும்புக் கைகள் திரும்புகின்றன. வசனமே இல்லாமல் கண்களாலேயே அந்தப் பயத்தை நமக்குள் இறக்கிவிடுகிறார். எத்தனை முறை பார்த்தாலும் எனக்குக் கை சில்லிடுகிறது.

இரண்டாவது படம் வேகமானது. திருவிழா, வாணவேடிக்கை, அப்புறம் தேவாலயத்துக்குள் சிக்கிய கூட்டம். விறுவிறுப்பு வேண்டுமென்றால் இதுதான் சரி. ஆனால் அமாலியாவாக வரும் லோனேவுக்கு இங்கே இடம் குறைவு. கதையை நடிகர் டோனி கெண்டல்தான் சுமக்கிறார்.

லோனேவுக்காகப் பார்க்கிறீர்கள் என்றால் 1972 படத்தில் தொடங்குங்கள். இரவில், விளக்கை அணைத்துவிட்டு.