விடுப்பு நாட்களுக்குள் கதவு, ஜன்னல் வேலை: ஊரில் ஆள் விட்டுச் செய்ததில் கவனித்தவை

வெளிநாட்டிலிருந்து விடுப்பில் வந்து, பூட்டிக் கிடந்த ஊர் வீட்டைத் திறந்ததும் முதலில் முரண்டு பிடிப்பவை கதவும் ஜன்னலும்தான். ஆசாரியைக் கூப்பிட்டால் நிலையில் உரசும் இடத்தைத் தடவிப் பார்த்துவிட்டு, "இழைச்சு விட்டா சரியாயிடும்" என்பார். அன்றே இழைக்க விடாதீர்கள்.

மரம் நீளவாக்கில் ஏறக்குறைய நகரவே நகராது. அகலவாக்கில்தான் ஈரத்தை இழுத்து உப்பும், காய்ந்தால் சுருங்கும். மாதக்கணக்கில் காற்றோட்டம் இல்லாமல் கிடந்த வீட்டில் கதவு உப்பியிருப்பது இயல்பு. உப்பிய நிலையில் இழைத்துவிட்டால், வெயில் காலத்தில் விரல் நுழையும் இடைவெளி விழும். அதை அடைப்பது எளிதல்ல. ஜன்னல்களைத் திறந்து வைத்து நாலைந்து நாள் காற்றாட விட்டு, பிறகு அளந்து பாருங்கள்.

அதற்குமுன், உரசலுக்குக் காரணம் உப்பலா, தொய்வா என்று பிரித்துப் பார்க்க வேண்டும். கதவைச் சாத்திவிட்டுச் சுற்றிலும் இடைவெளியைக் கவனியுங்கள். பூட்டுப் பக்கம் மேலிருந்து கீழ்வரை ஒரே சீராக இறுக்கமாக இருந்தால் உப்பல். பூட்டுப் பக்கத்தின் மேல் மூலை மட்டும் இடித்து, கீழ் மூலை தரையைத் தேய்த்து, மேல் கீல் பக்கம் இடைவெளி அகன்றிருந்தால் அது தொய்வு: மேல் கீலின் திருகாணி பிடிப்பு இழந்திருக்கிறது. தொய்ந்த கதவை இழைப்பது வீண் வேலை. திருகாணியைக் கழற்றி, துளையில் பசை தடவிய மரக்குச்சியை அடித்து, ஒருநாள் காய விட்டு, சற்று நீளமான திருகாணியாகப் போட்டால் கதவு தன் இடத்துக்கு வந்துவிடும். கனமான கதவுக்கு மூன்று கீல் வேண்டும். சரியாக மாட்டிய கதவில் மேலேயும் பக்கங்களிலும் சுமார் 3 மில்லிமீட்டர் இடைவெளி ஒரே அளவில் தெரியும்.

ஆசாரி, பெயின்டர், பாலிஷ் போடுபவர் மூவரும் தனித்தனியாக வந்து போகிறவர்கள். இவர்களுக்கு நடுவில் யார் பொறுப்பிலும் சேராமல் விடுபடுகிற இடம், கதவின் மேல் விளிம்பும் அடி விளிம்பும். நெடுஞ்சட்டங்களின் வெட்டு முனை அங்கேதான் வெளியே தெரிகிறது. மரத்தின் நாளங்கள் திறந்திருக்கும் அந்த முனை, பலகையின் முகத்தைவிடப் பல மடங்கு வேகமாக ஈரத்தைக் குடிக்கும். முகத்தில் மூன்று கோட் (பூச்சு) அடித்து இதை வெறும் மரமாக விட்டால், கதவு மறுபடி உப்பும், பெயின்ட் அடியிலிருந்து உரியும். சோதிப்பது எளிது: கைபேசிக் கேமராவைத் தரைக்கும் கதவுக்கும் இடையே நீட்டி ஒரு படம் எடுங்கள். பளபளப்பு தெரிந்தால் சரி. மரத்தின் நிறமும் ரம்பத்தின் கோடுகளும் தெரிந்தால் கதவைக் கழற்றிப் பூசச் சொல்லுங்கள். கூலி பேசும்போதே "ஆறு பக்கமும்" என்று சொல்லிவிடுவது நல்லது.

பழைய பெயின்டை எடுக்கும்போது எச்சரிக்கை தேவை. பல பத்தாண்டுகளுக்கு முந்தைய பூச்சில் ஈயம் இருக்கலாம். அதை உலர்வாகத் தேய்த்துத் தூசி கிளப்பக் கூடாது. தண்ணீர் தொட்டு உப்புத்தாளால் தேய்க்க வேண்டும், குழந்தைகள் அந்தப் பக்கம் வரக் கூடாது. வெறும் மரத்துக்கு உப்புத்தாள் எண் 80 அல்லது 100இல் (எண் கூடக் கூடத் தாள் நயமாகும்) தொடங்கி, 120, 180 என்று படிப்படியாக ஏற வேண்டும். தேய்ப்பது எப்போதும் மரவரியின் போக்கிலேதான். குறுக்கே தேய்த்த கீறல், கடைசிப் பூச்சின்போதுதான் கண்ணுக்குத் தெரியும்.

பெயின்ட் என்றால் முதலில் அடிப்பூச்சான பிரைமர், அதன்மேல் பள்ளம் நிரப்பும் பட்டி, தேய்ப்பு, பிறகு எனாமல் இரண்டு கோட். வேகமாக முடிக்க நினைப்பவர்கள் பட்டியை வெறும் மரத்திலேயே இழுத்துவிடுகிறார்கள். மரம் பட்டியின் எண்ணெயை உறிஞ்சிக்கொள்ள, அது பொடிந்து உதிர்கிறது. அளவும் தெரிந்திருக்கட்டும்: 7 அடிக்கு 3 அடிக் கதவின் இரு முகமும் விளிம்பும் சேர்ந்து சுமார் 45 சதுர அடி, அதாவது 4 சதுர மீட்டருக்குச் சற்று மேல். ஒரு லிட்டர் எனாமல் ஒரு கோட்டுக்குப் பத்துப் பன்னிரண்டு சதுர மீட்டர் வரும். ஆக இரண்டு கோட்டுக்கு ஒரு லிட்டருக்குள் போதும். கால் லிட்டரில் முடிந்துவிட்டது என்றால் டர்பன்டைன் அதிகம் கலந்திருக்கிறது.

பாலிஷில் மூன்று வகை கேட்பார்கள். அரக்குப் பாலிஷ் உள்கதவுக்கு அழகு. ஆனால் தண்ணீரும் சூடும் பட்டால் வெளுக்கும். வெளிக்கதவுக்கு வேண்டாம். நிறமில்லாத வார்னிஷை வெயில் படும் ஜன்னலில் பூசினால், புற ஊதாக்கதிர் பூச்சைத் துளைத்து அடியிலுள்ள மரத்தின் நார்களைப் பிணைக்கும் லிக்னினைச் சிதைத்துவிடும். பூச்சு நன்றாகவே இருந்தும் பிடிமானம் போய்ச் செதில் செதிலாகக் கிளம்பும். வெளிப்பக்கத்துக்கு நிறமி கலந்த ஸ்டெயின் (மரத்தில் ஊறும் நிறப்பூச்சு), அல்லது வெளிப்புறத்துக்கு என்றே தயாரித்த பூச்சு வேண்டும்.

மூன்றாவது வகையான பி.யு. (பாலியூரிதேன்) பாலிஷில் கோளாறு பெரும்பாலும் கலவையில் வருகிறது. மூலப்பூச்சான பேஸும் அதை இறுக வைக்கும் ஹார்டனரும் எந்த விகிதம் என்பது டப்பாவில் போட்டிருக்கும். கண்ணளவில் ஊற்றாமல் அளவுக் கோப்பையில் அளக்கச் சொல்லுங்கள். ஹார்டனர் குறைந்தால் பிசுபிசுப்பு போகாது. பி.யு. தின்னருக்குப் பதில் கையில் கிடைத்த தின்னரை ஊற்றினால் பூச்சு கெட்டுவிடும். ஹார்டனர் காற்றின் ஈரத்தோடும் வினைபுரியும் என்பதால் மழை நாளில் அடித்தால் நுண்குமிழி வரும். தெளிப்பவருக்கு வடிகட்டி உள்ள முகமூடி கட்டாயம், துணி போதாது. தேக்கில் இயற்கையான எண்ணெய் இருப்பதால், பூசுவதற்குச் சற்று முன் தின்னர் தோய்த்த துணியால் துடைத்துவிட வேண்டும்.

ஜன்னலில் முதலில் பார்க்க வேண்டியது கீழ்ச்சட்டம். ஸ்க்ரூடிரைவர் முனையால் மூட்டுகளில் அழுத்துங்கள். உள்ளே இறங்கினால் அங்கே மக்கியிருக்கிறது. பட்டியால் மறைக்காமல், மக்கியதை வெட்டி எடுத்துவிட்டு அதே வகை மரத்தை ஒட்டுப்போட வேண்டும். கண்ணாடிக்கு ஆளிவிதை எண்ணெய்ப் பட்டி வைத்தால், அது தோல் கட்டி பெயின்ட் ஏற்க ஒன்றிலிருந்து மூன்று வாரம் பிடிக்கும். குறுகிய விடுப்புக்குக் கண்ணாடியைப் பிடிக்கும் மெல்லிய மரச்சட்டமான மரப் பீடிங்தான் சரி. கண்ணாடி ஓரத்தில் பெயின்ட் 2 மில்லிமீட்டர் ஏறியிருக்கட்டும். அந்தக் கோடுதான் மழைநீரைத் தடுக்கிறது, அதைச் சுரண்டி "சுத்தம்" செய்ய விடாதீர்கள். நிலைக்கும் சுவருக்கும் நடுவே பெயின்ட் ஏற்கும் அக்ரிலிக் சீலன்ட் போடுங்கள். சாதாரண சிலிகான் மேல் பெயின்ட் ஒட்டாது.

குண்டூசித் துளையும் மாவு போன்ற தூளும் இருந்தால் வண்டு. மண்கோடு இருந்தால் கறையான். வண்டுக்கான போரேட் மருந்து பூச்சின் வழியே இறங்காது, வெறும் மரத்தில்தான் ஊறும். ஆகவே மருந்து முதலில், பூச்சு பிறகு. கறையான் மண்ணிலிருந்து ஏறுவதால் கதவில் மட்டும் மருந்தடித்துப் பயனில்லை.

கடைசிப் பூச்சை விமானம் ஏறுவதற்குப் பத்து நாள் முன்பே முடித்துவிடுங்கள். தொட்டால் ஒட்டாத எனாமல் உள்ளே முழுதும் இறுகியிருக்காது. அதை நிலையோடு சேர்த்துப் பூட்டிவிட்டால் இரண்டும் ஒட்டிக்கொண்டு, அடுத்த முறை திறக்கும்போது பூச்சு பிய்ந்து வரும். உள்கதவுகளைச் சற்றே திறந்து ஆப்பு வைத்துவிட்டுப் போகலாம். ஆளிவிதை எண்ணெய் துடைத்த துணிகளைக் கசக்கி மூலையில் போட்டிருக்கிறார்களா என்று அறை அறையாகப் பாருங்கள். அவை தாமாகச் சூடேறித் தீப்பிடிக்கும். தண்ணீரில் நனைத்து, விரித்து, வீட்டுக்கு வெளியே காய வைத்த பிறகே அப்புறப்படுத்த வேண்டும்.