பறக்கும் ரயில்: கடற்கரையிலிருந்து வேளச்சேரி வரை

சென்னைக்கு மெட்ரோ வருவதற்கு இருபது ஆண்டுகள் முன்பே, 1995இல், தெருவுக்கு மேலே ஓடத் தொடங்கிய ரயில் இது. முதலில் கடற்கரை நிலையத்திலிருந்து சேப்பாக்கம் வரையும், 1997இல் திருமயிலை வரையும், 2007இல் வேளச்சேரி வரையும் நீண்ட இதனை ஊரார் இன்றும் ‘பறக்கும் ரயில்’ என்றே அழைக்கிறார்கள். வேறு வேலை எதுவும் வைத்துக்கொள்ளாமல், நகரத்தைப் பார்ப்பதற்காகவே ஒரு முற்பகலில் முழுத் தொலைவும் சென்றுவந்தேன். கட்டணம் 5 ரூபாயில் தொடங்குகிறது. இந்தப் பணத்தில் இப்படியொரு ஜன்னலோர இருக்கை இந்த ஊரில் வேறெங்கும் கிடைக்காது.

தெருவில் நடப்பவருக்கு வீடுகளின் வாசல்தான் தெரியும். இந்த ரயிலில் போகிறவருக்கோ கொல்லைப்புறமும் மொட்டைமாடியும் தெரிகின்றன. திருவல்லிக்கேணியைக் கடக்கும்போது ஒரு மாடியில் பழைய வேட்டியை விரித்து, நான்கு மூலையிலும் செங்கல் வைத்து, வடாம் காயப்போட்டிருந்தார்கள். சுவரை ஒட்டிய அடுத்த மனையில் பழைய வீட்டை இடித்துவிட்டுப் புதிய அடுக்குமாடிக்குக் கம்பி கட்டிக்கொண்டிருந்தார்கள். கோட்டை நிலையத்தில் கூடையுடன் ஏறிய பூக்கார அம்மா, எதிர் இருக்கையில் வாழைநாரைப் பிரித்து மல்லிகை கட்டத் தொடங்கியவர், திருமயிலை வருவதற்குள் ஒரு பந்து சேர்த்துவிட்டார். அவர் இறங்கிய நிலையத்தை ஒட்டித்தான் இரண்டாம் கட்ட மெட்ரோவுக்காக நிலத்தைத் தோண்டுகிறார்கள். மயிலாப்பூரின் லஸ் முனை தகரத் தடுப்புகளுக்குள் சுருங்கிக் கிடப்பதை மேலிருந்து பார்த்தால்தான் அந்தப் பள்ளத்தின் அளவு புரிகிறது.

வழியில் என்னை வருத்தியது பக்கிங்காம் கால்வாய். கூவத்தையும் அடையாற்றையும் இணைக்க 1877-78 பஞ்ச காலத்தில், பட்டினி கிடந்த மக்கள் கூலிக்கு வெட்டிய இந்த நீர்வழியிலேயே ரயிலுக்கான தூண்களை ஊன்றினார்கள். ஒரு போக்குவரத்து வழிக்காக இன்னொன்றைப் பலிகொடுத்தோம் என்பதைக் கறுத்துத் தேங்கிய அந்த நீர் ஒவ்வொரு பயணத்திலும் காட்டுகிறது.

நிலையங்களைப் பற்றி என்னால் நல்லபடியாகச் சொல்ல இயலவில்லை. தேவைக்கு மிஞ்சிய அளவில் கட்டப்பட்டவற்றுள் பல, ஆளரவமற்ற தளங்களாகவே நிற்கின்றன. பொழுது சாய்ந்த பின் தனியே வரும் பெண்கள் அந்த நீண்ட படிகளில் அச்சமின்றி நடப்பதற்கு வெளிச்சமும் கடைகளும் காவலும் வேண்டும். மாறாக, தகவல் தொழில்நுட்ப வளாகமான டைடல் பூங்காவை ஒட்டிய திருவான்மியூர் நிலையத்தில், கழுத்தில் அடையாள அட்டையோடு இளைஞர்கள் கூட்டமாக இறங்குவதைப் பார்க்கையில், ஆள் நடமாட்டமே ஒரு நிலையத்துக்கு எவ்வளவு பாதுகாப்பு என்பது விளங்குகிறது.

வேளச்சேரி நோக்கிச் செல்பவர்கள் பத்து மணிக்குப் பிறகு, கூட்டம் தணிந்ததும் ஏறி, கடல் இருக்கும் இடப்பக்கமாக அமர்ந்துகொள்ளலாம்.