தட்சிணசித்ரா: சனிக்கிழமைக்கு ஏற்ற திண்ணை

எனக்குக் கணக்குத் தணிக்கை வேலை. வார முடிவிலாவது எண்கள் கண்ணில் படாமல் உட்கார ஓர் இடம் வேண்டும். கடற்கரைக்குப் போனால் கூட்டம், கோயிலுக்குப் போனால் வரிசை. எனக்குத் தோதாக அமைந்தது கிழக்குக் கடற்கரைச் சாலையில், சென்னைக்கு அருகே முட்டுக்காட்டில் இருக்கும் தட்சிணசித்ரா அருங்காட்சியகம்.

தென்மாநிலங்களின் பழைய வீடுகளைப் பிரித்து எடுத்துவந்து இங்கே மறுபடி எழுப்பியிருக்கிறார்கள். 1996-இல் திறந்தார்கள். வந்தவர்கள் எல்லோரும் செட்டிநாட்டு வீட்டுக்குத்தான் ஓடுகிறார்கள். நான் அதை விரைவாகக் கடந்து கேரளப் பகுதிக்குப் போய்விடுவேன். புதுப்பள்ளியிலிருந்து வந்த சிரியன் கிறிஸ்தவர் வீட்டில் நுழைந்ததும் எதிரே நிற்பது நெல் சேமிக்கும் அறை. வருகிறவர் முதலில் நம் நெல்லைப் பார்க்கட்டும் என்று நினைத்த அந்தக் காலத்து வீட்டுக்காரரின் பெருமிதம் எனக்குப் பிடித்திருக்கிறது. ஒரு வகையில் அதுவும் இருப்புநிலை அறிக்கைதானே! வழவழப்பான மரச்சுவரில் முதுகைச் சாய்த்தால் வெளியே கொளுத்தும் வெயில் மறந்துபோகும்.

குழந்தைகளோடு போகிறவர்கள் குயவரின் சக்கரத்தருகே அதிக நேரம் ஒதுக்குங்கள். களிமண் படிந்த கையை உடனே கழுவச் சொல்லி அவசரப்படுத்தாதீர்கள்.

மதியத்துக்குமேல் கல்யாணப் படம் எடுக்கிறவர்கள் தூணுக்குத் தூண் நிற்பார்கள். காலையில் திறந்ததும் போய்விடுவது நல்லது. செவ்வாய்க்கிழமை விடுமுறை. கைவினைக் கடைக்குள் நுழையும்போது மட்டும் பணப்பை பத்திரம்.