கூரையில் ஓடுவதும் வரம்பில் தோண்டுவதும் ஒரே எலியல்ல

எலித்தொல்லை என்றதும் கடைக்குப் போய் நஞ்சு வாங்கிவருவதே யாழ்ப்பாணத்தில் வழக்கமாகிவிட்டது. வந்திருப்பது எது என்று முதலில் பாருங்கள். பிறகு வழியைத் தேடலாம்.

இரவில் கூரையில் ஓடுவது வீட்டெலி. மெலிந்த உடல், பெரிய காது, உடம்பைவிட நீண்ட வால். பனையேறும், தென்னையேறும், கூரையைத் தொடும் மாமரக் கிளையே அதற்குப் பாலம். அகழான் வேறு. கட்டையான உடல், மழுங்கிய முகம், உடம்பைவிடக் குட்டையான வால். வயல் வரம்பில் வளை தோண்டி, வாயிலில் புதுமண்ணைக் குவித்து வைக்கும். மாரிகாலப் பயிரான காலபோக நெல் முற்றும்போது கதிரை அறுத்து உள்ளே இழுத்துச் சேர்ப்பதும் இதுதான். மூஞ்சூறு எலி இனமே அல்ல. கூர்த்து நீண்ட மூக்கோடு சுவரோரமாக ஓடி, கரப்பானைத் தின்னும். நாற்றத்தைப் பொறுத்துக்கொண்டு அதை விட்டுவிடுங்கள்.

வீட்டெலிக்குப் பொறியைவிட அடைப்பே மேல் என்பேன். பிடித்த எலியின் இடத்துக்கு அடுத்தது வரும். கிளையை வெட்டி, கூரை இடுக்குகளுக்குச் சிறுகண் கம்பிவலை அடித்து, தென்னந்தண்டில் வழுக்கும் தகரம் சுற்றினால் வரும் பாதையே இல்லாமல் போகும். அகழானை அடைப்பால் தடுக்க முடியாது. அதற்குப் பொறியும், வளையை வெட்டிப் பிடிப்பதும், வரம்பை மெலிதாகக் கட்டுவதும்தான். தடித்த வரம்பில்தான் அது வசதியாகக் குடியிருக்கும்.

இந்த வழிகளில் நஞ்சுக்கு நான் கடைசி இடமே தருவேன். சிங்க் பொஸ்பைட்டு என்ற எலிநஞ்சு வயிற்று அமிலத்தோடு சேர்ந்து நச்சுவாயுவாகிறது. அதற்கு மாற்றுமருந்து கிடையாது. சிறிது கடித்துப் பிழைத்த எலி மறுபடி அந்த இரையைத் தொடாது. இரத்தம் உறையாமல் செய்யும் நஞ்சோ சில நாள் கழித்தே கொல்லும். அதற்குள் தள்ளாடும் எலியைப் பூனையோ கூகை என்னும் ஆந்தையோ பிடித்துவிடும். எங்கள் வீட்டுப் பூனை அப்படித்தான் இரத்தம் கசிந்து விறாந்தையில் செத்தது. அந்த நஞ்சை வைத்தது யார் என்று நான் கேட்கவில்லை. அதற்குப் பிறகு எங்கள் வளவில் நஞ்சு வைக்க விடவும் இல்லை.

எலியோடு எல்லை வகுத்தே வாழ வேண்டும். 2024 டிசம்பரில், வெள்ளத்துக்குப் பின், எலிக்காய்ச்சல் இங்கே உயிர்களைப் பறித்தது. எலியின் சிறுநீர் கலந்த நீர் காலிலுள்ள சிறு கீறலில் பட்டாலே நோய் தொற்றலாம். வெறுங்காலோடு சேற்றில் இறங்காதீர்கள். காய்ச்சல் கண்டால் வயலில் நின்றதை வைத்தியரிடம் மறக்காமல் சொல்லுங்கள்.

சாரைப்பாம்பைக் கண்டதும் தடியெடுப்பதும் இழப்புத்தான். அதற்கு நஞ்சில்லை, அகழானின் வளைக்குள்ளேயே போய்ப் பிடிக்கும். கூகையின் அலறலைச் சாவுக் குறி என்று கல்லெறிபவர்களை இன்றும் காண்கிறேன். அது தங்கும் மொட்டைப்பனையின் அடியில் அது கக்கிய உருண்டைகளை ஒரு குச்சியால் உடைத்துப் பாருங்கள். உள்ளே எலிமயிரும் எலி மண்டையோடுகளும் இருக்கும்.