குளுக்ககான் கிட்: சரக்கு நல்லது, கொடுத்த வேலைதான் பொருந்தவில்லை

பெட்டியைத் திறந்தால் இரண்டே பொருள். அடியில் வெள்ளைத் தூள் வட்டமாக உறைந்து கிடக்கும் ஒரு சின்னக் குப்பி, 1 மில்லி கரைப்பான் நிரப்பிய ஒரு சிரிஞ்சு. தூளில் இருப்பது 1 மில்லிகிராம் குளுக்ககான், ரத்தச் சர்க்கரையை ஏற்றும் ஹார்மோன். 1 யூனிட் என்று போட்டிருந்தாலும் அதே அளவுதான். சர்க்கரை தாழ்ந்து மயங்கிக் கிடப்பவரை எழுப்பத்தான் இந்தப் பெட்டி செய்யப்பட்டது. இறைச்சித் துண்டு உணவுக்குழாயில் மாட்டி, எச்சில்கூட இறங்காமல் கையில் கிண்ணத்தோடு அவசரப் பிரிவுக்கு வருகிறவருக்கும் பல இடங்களில் இதையே எடுக்கிறார்கள். இந்த மதிப்புரை அந்த இரண்டாவது வேலையைப் பற்றி மட்டும்.

இந்தப் பழக்கம் வந்த வழி எக்ஸ்ரே அறை. எக்ஸ்ரேயில் வெள்ளையாகத் தெரியும் பேரியம் குடிக்க வைத்துப் படமெடுக்கும்போது குடல் அசையாமல் இருக்கக் குளுக்ககான் போடுவது வழக்கம். அதற்கு முறையான அனுமதியும் உண்டு. அதே தளர்வு உணவுக்குழாயின் கீழ்முனையிலும் கிடைக்கிறதே என்று பார்த்து, ஃபெருச்சி, லாங் என்ற இரண்டு ரேடியாலஜி மருத்துவர்கள் 1977ல் அடைப்புக்குக் கொடுத்துப் பார்த்து எழுதினார்கள். அன்றிலிருந்து ஓடிக்கொண்டிருக்கிறது. ஆனால் உணவுக்குழாய் அடைப்பு இந்த மருந்தின் லேபிளில் இல்லை. அனுமதிக்கு வெளியேயான பயன்பாடு என்பதை நோயாளியிடம் சொல்லிவிட்டுத்தான் போடவேண்டும்.

மருந்து செய்வது என்ன? உணவுக்குழாய் வயிற்றில் சேரும் இடத்திலுள்ள கீழ்ச் சுருக்குத்தசையின் இறுக்கத்தைக் குறைக்கிறது. அவ்வளவுதான். உணவுக்குழாயின் மேல் மூன்றில் ஒரு பங்கு கை கால்களில் இருப்பதுபோன்ற வரித்தசையால் ஆனது. அங்கே மாட்டிய துண்டுக்கு இந்த ஊசி ஒன்றும் செய்யாது. கீழ்ப்பகுதியிலும் தசை இறுகியதால்தான் அடைப்பு என்றால் பலன் இருக்கலாம். பெரும்பாலானோருக்கு அடைப்பின் காரணம் வேறு: ஷாட்ஸ்கி வளையம் (உணவுக்குழாயின் கீழ்முனையில் வழியைக் குறுக்கும் மெல்லிய திசு வளையம்), அமிலம் பட்டுப் பட்டு ஏற்பட்ட தழும்புச் சுருக்கம், இயோசினோஃபில் என்ற வெள்ளணுக்கள் சேர்ந்து வரும் அழற்சியால் விறைத்துப்போன சுவர், சில சமயம் புற்றுநோய்க் கட்டி. தழும்பு தசையல்ல. எத்தனை மில்லிகிராம் போட்டாலும் தளராது. வளையமோ சுருக்கமோ இருப்பவர்களுக்கும், இறைச்சி மாட்டியவர்களுக்கும் பலன் குறைவு என்று பார்த்திருக்கிறார்கள். வேடிக்கை என்னவென்றால், அடைப்போடு வருகிறவர்களில் அதிகம் பேர் அவர்கள்தான்.

அப்படியானால் ஊசி போட்டதும் இறங்கிவிட்டது என்று இத்தனை பேர் சொல்வது எப்படி? காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதைதான் பெரும்பாலும். மருந்தே கொடுக்காவிட்டாலும் ஏறத்தாழ மூன்றில் ஒருவருக்குத் துண்டு தானாக இறங்கிவிடும். 1995ல் வெளிவந்த, யாருக்கு எது கொடுக்கப்பட்டது என்று தெரியாமல் நடத்திய சோதனையில் குளுக்ககானும், தசையைத் தளர்த்தும் டயஸெபாமும் சேர்த்துப் பெற்ற 24 பேரில் 9 பேருக்கு இறங்கியது. மருந்தில்லாத வெறும் ஊசி பெற்ற 19 பேரில் 6 பேருக்கு இறங்கியது. அதாவது 38 சதவீதம், 32 சதவீதம். பல ஆய்வுகளைத் திரட்டிப் பார்த்த 2019ம் ஆண்டுக் கணக்கிலும் குளுக்ககான் பெற்றவர்களில் சுமார் 30 சதவீதம், பெறாதவர்களில் சுமார் 33 சதவீதம். பக்கவிளைவு மட்டும் ஊசி பெற்ற பக்கம் கூடுதல்.

அந்தப் பக்கவிளைவுதான் இந்தக் கிட்டின் பெரிய குறை: வாந்தி. வழி அடைந்து கிடக்கும் உணவுக்குழாய்க்குக் கீழேயிருந்து வயிறு உதைக்கிறது. மேலே எச்சில் தேங்கி நிற்கிறது. வேகமாகத் தள்ளினால் ஒரு நிமிடத்துக்குள்ளேயே முகம் வெளுத்து, வாயில் நீர் ஊறி, குமட்டல் தொடங்கிவிடும். புரையேறி நுரையீரலுக்குள் போகலாம். அரிதாக உணவுக்குழாயே கிழியலாம். உள்ளே எலும்பு இருந்தால் ஆபத்து இன்னும் பெரிது. கூர்மையான பொருள், பட்டன் பேட்டரி, எலும்புள்ள துண்டு என்ற சந்தேகம் துளி இருந்தாலும் இந்தப் பெட்டியைத் தொடவே கூடாது. கழுத்தில் தோலுக்கடியில் நறநறவென்று காற்று தட்டுப்பட்டாலோ, நெஞ்சுவலி கடுமையாக இருந்தாலோ, காய்ச்சல் அடித்தாலோ கிழிசல் ஏற்கெனவே ஆகியிருக்கிறதா என்றுதான் முதலில் பார்க்கவேண்டும். ஃபியோகுரோமோசைட்டோமா (அட்ரினல் சுரப்பியில்), இன்சுலினோமா (கணையத்தில்) என்ற இரண்டு கட்டிகள் உள்ளவர்களுக்கும், குளுக்ககான் முன்பே ஒவ்வாமல் போனவர்களுக்கும் கூடாது. பீட்டா பிளாக்கர் மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்கு நாடித்துடிப்பும் ரத்த அழுத்தமும் தற்காலிகமாக ஏறலாம். ரத்தம் உறையாமல் இருக்க வார்ஃபரின் எடுப்பவர்களுக்கு அதன் வீரியம் கூடலாம்.

இத்தனைக்கும் பிறகு போட்டுப் பார்ப்பதென்று முடிவானால், வரிசை முக்கியம். முதல் வேலை ஊசி அல்ல, எண்டோஸ்கோபி (வாய்வழியே கேமராக் குழாய் விட்டுப் பார்ப்பது) செய்பவருக்குப் போன். அவர் வந்துகொண்டிருக்கும் நேரத்தில், அறை தயாராகும் நேரத்தில் மட்டும் இந்த மருந்துக்கு இடம் உண்டு. அமெரிக்க எண்டோஸ்கோபி சங்கத்தின் 2011 வழிகாட்டுதல் 1 மில்லிகிராம் முயற்சியை அனுமதிக்கிறது, ஆனால் அதற்காக எண்டோஸ்கோபியைத் தள்ளிப்போடாதே என்கிறது. ஐரோப்பியச் சங்கத்தின் 2016 வழிகாட்டுதலின்படி முழு அடைப்புக்கு முடிந்தால் 2 மணி நேரத்துக்குள், எப்படியும் 6 மணி நேரத்துக்குள் எண்டோஸ்கோபி. முழு அடைப்பு இல்லையென்றால் 24 மணி நேரத்துக்குள். முழு அடைப்பா என்று அறிய ஸ்கேன் எதுவும் வேண்டாம். தன் எச்சிலைத் தானே விழுங்க முடிகிறதா என்று பார்த்தால் போதும். துப்பிக்கொண்டே இருந்தால் முழு அடைப்பு.

நோயாளியை நிமிர்ந்து உட்கார வைக்கவும். சக்‌ஷன் குழாயை (வாயில் தேங்குவதை உறிஞ்சி எடுப்பது) சுவரில் மாட்டி, ஓடுகிறதா என்று இழுத்துப் பார்த்துக் கைக்கெட்டும் தூரத்தில் வைக்கவும். கையில் ஐவி லைன். முதலில் ஆன்டான்செட்ரான் 4 மில்லிகிராம் நரம்பில் கொடுத்துவிட்டால் குமட்டல் கொஞ்சம் அடங்கும். முழுக்கத் தடுக்கும் என்று நம்பிவிடக் கூடாது. பேரியமோ, அதேபோல் படமெடுக்கக் குடிக்கும் காஸ்ட்ரோகிராஃபினோ குடிக்கக் கொடுக்காதீர்கள். பேரியம் எண்டோஸ்கோபியின் பார்வையை மறைக்கும். காஸ்ட்ரோகிராஃபின் புரையேறினால் நுரையீரலைக் கெடுக்கும்.

பிறகு கலக்குவது. கிட்டின் தடுமாற்றங்கள் எல்லாம் இங்கேதான். கரைப்பான் முழுவதையும் குப்பிக்குள் செலுத்தவும். பாதியில் நிறுத்திவிட்டுக் கலக்கினால் அடர்த்தி மாறிவிடும். குலுக்க வேண்டாம், நுரைத்துப் போகும். இரண்டு உள்ளங்கைக்கு நடுவில் வைத்து உருட்டினால் போதும். தண்ணீர்போல் தெளிந்து வரவேண்டும். கூழாகவோ துகளாகவோ தெரிந்தால் கொட்டிவிட்டு வேறு பெட்டி. பிறகு குப்பியைத் தலைகீழாக்கி, ஊசிமுனை திரவத்துக்குள்ளேயே இருக்கும்படி மெல்ல இழுத்துக் குமிழியை வெளியேற்றவும். சில கிட்களின் சிரிஞ்சில் பிளாஸ்டிக் கிளிப் ஒன்று இருக்கும். அவசரத்தில் அதைக் கழற்றினால் தள்ளுதண்டு கையோடு வந்துவிடும், மருந்து தரையில். கிட் சிரிஞ்சில் ஊசி நிலையாகப் பொருத்தியிருப்பதால் ஊசியில்லா ஐவி இணைப்பில் அது மாட்டாது. வேறு சிரிஞ்சில் இழுத்துக்கொள்ளத்தான் வேண்டும். தசையில் போட வடிவமைத்த பொருளை நரம்புக்குத் திருப்புவதால் வரும் இந்தச் சங்கடம், படபடப்பான நேரத்தில் ஒன்றிரண்டு நிமிடத்தைத் தின்றுவிடும். எக்ஸ்ரே அறைக்கென்று வரும் சிரிஞ்சில்லாக் குப்பி கிடைத்தால் அதையே எடுப்பது மேல்.

இன்னொன்று பலர் கவனிப்பதில்லை. குளுக்ககான் 5 சதவீத டெக்ஸ்ட்ரோஸோடு ஒத்துப்போகும். சோடியம் குளோரைடு, பொட்டாசியம், கால்சியம் கரைசல்களில் படிந்து திரியலாம். சேலைன் ஓடிக்கொண்டிருக்கும் லைனில் பழக்கதோஷத்தில் தள்ளாமல், முன்னும் பின்னும் டெக்ஸ்ட்ரோஸால் லைனைக் கழுவிவிட்டுப் போடவும்.

1 மில்லிகிராமை 1 முதல் 2 நிமிடம் வரை எடுத்துக்கொண்டு மெதுவாகத் தள்ளவேண்டும். கடிகாரத்தைப் பார்த்துத்தான், மனக்கணக்கில் தள்ளினால் அது எப்போதும் 15 நொடியில் முடிந்துவிடும். நரம்பில் போட்டால் ஒரு நிமிடத்துக்குள் தளர்வு தொடங்கி, ஏறத்தாழ கால் மணி நேரத்தில் தீரும். தசையில் போட்டால் தொடங்கவே 8 முதல் 10 நிமிடம் ஆகும், எப்போது தொடங்கியது என்றும் சரியாகத் தெரியாது. அதனால் இந்த வேலைக்குத் தசை ஊசி சரிப்படாது. எச்சில் இறங்குகிறவர் என்றால் ஒரு நிமிடம் கழித்து ஒரே ஒரு மடக்குத் தண்ணீர். முழு அடைப்புள்ளவருக்கு அதுவும் வேண்டாம். இறங்கியதை நோயாளியே முதலில் சொல்வார்: நெஞ்சில் அழுத்தியது சட்டென்று விட்டதுபோல் இருக்கும், எச்சில் துப்புவது நிற்கும். 10 முதல் 20 நிமிடத்தில் ஒன்றும் நடக்கவில்லையென்றால் இரண்டாவது மில்லிகிராம் போடுகிறவர்கள் உண்டு. முதல் ஊசிக்கு அசையாத துண்டு இரண்டாவதற்கு அசையும் என்பதற்கு நல்ல ஆதாரமில்லை. வாந்தி மட்டும் இரட்டிப்பு. இரண்டாவது பெட்டியைத் திறக்காமல் இருப்பதே எங்கள் பரிந்துரை. கலக்கிய மருந்து மிச்சமிருந்தாலும் பத்திரப்படுத்தக் கூடாது, கொட்டிவிடவேண்டியதுதான்.

ரத்தச் சர்க்கரை ஏறும். சர்க்கரை நோயாளிக்கு ஊசிக்கு முன்னும், அரை மணி கழித்தும் விரல் நுனியில் குத்திப் பார்த்துவிடுங்கள். சாப்பிட முடியாமல் பட்டினி கிடந்தவருக்கு ஏறிய சர்க்கரை பிறகு சரியவும் கூடும்.

புதிதாக வந்த வடிவங்கள் இந்த வேலைக்கு உதவுமா? 2019ல் வந்த 3 மில்லிகிராம் மூக்குப் பொடியும், தோலடியில் போடும் தயார்நிலைப் பேனாக்களும் சர்க்கரை தாழ்வுக்கு அருமையானவை, கலக்கும் தொல்லையே இல்லை. அடைப்புக்கு அவை வேண்டாம். மெதுவாகக் கொடுக்கும் வசதி அவற்றில் கிடையாது. வீட்டில் சர்க்கரைக்காகக் கிட் வைத்திருப்பவர்கள், சாப்பாடு மாட்டினால் நாமே போட்டுக்கொள்ளலாமே என்று நினைக்கவே கூடாது. வாந்தி வந்தால் இழுத்தெடுக்க சக்‌ஷன் வீட்டில் இல்லை. பேசவோ மூச்சுவிடவோ முடியவில்லையென்றால் மாட்டியிருப்பது மூச்சுக்குழாயில். அதற்கு முதுகில் 5 தட்டு, வயிற்றில் 5 அழுத்து, ஊசி அல்ல.

மாற்று வழிகளில் கோலா பானத்துக்குத்தான் பெயர் அதிகம். நெதர்லாந்தில் 51 பேரிடம் நடத்தி 2023ல் வெளியான சோதனையில் கோலா குடித்தவர்கள், சும்மா காத்திருந்தவர்கள் இரு பக்கமும் 61 சதவீதம் பேருக்கு முழுதாகவோ ஓரளவோ அடைப்பு விட்டது. கோலாவாலும் ஒன்றும் கூடவில்லை. நைட்ரோகிளிசரின், பஸ்கோபான், டயஸெபாம் எல்லாம் இதே கதை. இறைச்சியை மென்மையாக்கும் பப்பாளி நொதி மட்டும் வேறு ரகம், அது தீங்கு. துண்டோடு உணவுக்குழாயின் சுவரையும் சேர்த்துக் கரைக்கும், ஓட்டை விழும்.

சர்க்கரை தாழ்வுக்கு இந்தக் கிட்டுக்கு 5க்கு 5. உணவுக்குழாய் அடைப்புக்கு 5க்கு 1½. அந்த அரையும் எண்டோஸ்கோபி செய்பவர் வந்துகொண்டிருக்கிறார் என்ற நிபந்தனையில்தான். விலையும் குறைவில்லை. இறங்கினால் குழாய் விடும் செலவு மிச்சம் என்று ஒரு வாதம் சொல்வார்கள். இறங்கினாலும் எண்டோஸ்கோபி தேவைதான், நாள் மட்டும் தள்ளிப்போகிறது. அடைப்புக்குப் பின்னால் வளையமோ அழற்சியோ கட்டியோ இருக்க வாய்ப்பு அதிகம். பார்க்காமல் அனுப்பினால் அடுத்த துண்டும் அதே இடத்தில் நிற்கும். இயோசினோஃபில் அழற்சியை உறுதிசெய்ய மேலும் கீழுமாகக் குறைந்தது 6 சதைத் துணுக்குகள் எடுக்கவேண்டும். ஊசிக்கு இறங்கியது என்று மகிழ்ந்து அமிலம் குறைக்கும் ஒமேப்ரஸோல் மாத்திரை எழுதி வீட்டுக்கு அனுப்பிவிட்டால், சில வாரம் கழித்து எடுக்கும் துணுக்கில் அந்த அழற்சி மாத்திரையால் அடங்கி, கண்ணில் படாமலே போய்விடலாம்.